ஹோம்புஷ் மாப்பிள்ளையின் முதுகு

யுன் கி-தேக் சிட்னியில் ஒரு தொழிற்சாலையில் குளிர்சாதனப் பெட்டிகளுக்குக் கதவு மாட்டிக்கொண்டிருந்தார். சியோலில் இருந்த அவர் மனைவி மியோங்-ஜாவோ, கணவர் ஆஸ்திரேலியாவில் சினிமா எடுப்பதாகத் தெரு முழுவதும் சொல்லிவைத்திருந்தாள். இரண்டுக்கும் நடுவே கொஞ்சம் தூரம் இருந்தது. அடுத்த ஆண்டு அவள் வந்து இறங்குவதற்குள் அந்தத் தூரத்தை எப்படியாவது கடந்துவிட வேண்டும் என்பதுதான் எழுபத்தேழாம் ஆண்டில் யுன்னுக்கு இருந்த பெரிய கவலை.

அவளைக் குற்றம் சொல்ல முடியாது. வந்த புதிதில் அவர்தான், "இங்கேயும் விளக்கு சம்பந்தப்பட்ட வேலையே" என்று எழுதியிருந்தார். குளிர்சாதனப் பெட்டியின் கதவைத் திறந்தால் உள்ளே விளக்கு எரியத்தானே செய்கிறது?

உண்மையில் அவர் ஒளிப்பதிவாளர்தான். சியோலில் சினிமாக் கம்பெனிகள் நெருக்கியடித்துக் கிடந்த சுங்முரோ என்ற தெருவில், கேமரா நிறுத்தும் முக்காலியைத் தோளில் சுமப்பதில் தொடங்கி, கேமராவுக்குப் பின்னால் நிற்பதுவரை வந்தவர். முப்பதுக்கும் மேற்பட்ட படங்களை எடுத்திருந்தார். அவற்றில் பலவற்றை யாரும் பார்த்ததில்லை. பார்ப்பதற்காக எடுக்கப்பட்டவையும் அல்ல. அந்த நாட்களில் கொரியாவில், உள்ளூர்ப் படம் எடுத்துக் காட்டும் கம்பெனிக்குத்தான் வெளிநாட்டுப் படத்தை இறக்கி ஓட்ட அனுமதி கிடைக்கும். லாபம் முழுவதும் ஹாங்காங் வாள்சண்டையிலும் அமெரிக்கக் குதிரைகளிலும் இருந்தது. உள்ளூர்ப் படம் என்பது மாப்பிள்ளை வீட்டாருக்குக் காட்டுவதற்காகச் செய்யும் சீர் மாதிரி. சீக்கிரம் எடு, மலிவாக எடு, பெட்டியில் போட்டு மூடு.

இப்படிப்பட்ட பள்ளிக்கூடத்தில் யுன் மூன்று பாடங்களை நன்றாகக் கற்றிருந்தார். முதலாவது, பிலிம் விலை அதிகம், அதனால் எதையும் இரண்டாம் தடவை எடுக்காதே. இரண்டாவது, பத்துச் சிப்பாய்களை ஒழுங்காக நிறுத்தினால் அது ஒரு பட்டாளம். ஒன்றைக் காட்டினால் மற்றதை ஜனங்கள் ஊகித்துக்கொள்வார்கள். மூன்றாவது பாடம் முதுகு. பெரிய நடிகர்கள் ஒரே நாளில் நான்கு படங்களுக்கு ஓடிக்கொண்டிருந்தார்கள். ஒரு மணி நேரம் வந்து முகத்தைத் தந்துவிட்டுப் போவார்கள். மிச்சக் கதையை வேறு எவருடைய முதுகையாவது வைத்து முடிக்க வேண்டும். முதுகு எடுப்பதில் யுன்னுக்குச் சுங்முரோவில் நல்ல பெயர் இருந்தது. படத்தில்தான் அவர் பெயர் இருக்காது. அந்த இடத்தில் முதலாளியின் மருமகனுடைய பெயர் இருக்கும்.

பிறகு வீட்டுக்கு வீடு தொலைக்காட்சி வந்தது, தணிக்கைக்காரர்களின் கத்தரிக்கோல் நீண்டது, கம்பெனிகள் ஒவ்வொன்றாகப் படுத்தன. யுன் சைகோனுக்குப் போய் ஒரு கொரியக் கட்டட நிறுவனத்துக்காகப் பாலங்களைப் படம் பிடித்தார். அங்கே பாலங்கள் கட்டப்படுவதைவிட வேகமாக உடைபடத் தொடங்கியதும், சுற்றுலாப் பயணியாகச் சிட்னிக்கு வந்து, சுற்றிப் பார்ப்பதை நிறுத்தாமலே இருந்தார். எழுபத்தாறில் அரசாங்கம் விசா முடிந்தும் தங்கியிருந்தவர்களுக்கெல்லாம் பொதுமன்னிப்பு என்றது. யுன் வரிசையில் நின்று மன்னிப்பு வாங்கிக்கொண்டு, நேரே சினிமாக் கம்பெனிகளின் வாசலுக்குப் போனார்.

எல்லா வாசலிலும் ஒரே கேள்வி.

"உள்ளூர் அனுபவம் உண்டா?"

இல்லை என்றார்.

"அது இல்லாமல் வேலை தர முடியாதே."

"வேலை இல்லாமல் அனுபவம் எப்படி வரும்?"

"நல்ல கேள்வி" என்று ஒருவர் பாராட்டினார். வேறு ஒருவர் மட்டும், "இந்த நாட்டில் எடுத்த பத்து நிமிடப் படம் ஏதாவது கொண்டுவா, பார்க்கலாம்" என்றார். தொலைக்காட்சிக்கு விளம்பரமும் செய்திப்படமும் எடுக்கும் ஒரு சிறிய கம்பெனியில் அவர் அதிகாரி. சிவப்பு டை கட்டியிருந்தார். அந்தப் பத்து நிமிடத்தைத் தேடித்தான் யுன் கதவு மாட்டிக்கொண்டிருந்தார்.

தொழிற்சாலையின் பண்டகசாலையில் திருகாணி எண்ணிக் கொடுப்பவர் சச்சிதானந்தன். கொழும்பில் கணக்காளராக இருந்தவர். அவருக்கும் உள்ளூர் அனுபவம் இல்லை. யுன்னும் அவரும் ஆங்கிலத்தில் பேசிக்கொண்டார்கள்; அதாவது, ஆங்கிலம் என்று இருவரும் நம்பிய ஒன்றில். நடுநடுவே சச்சி தன் பாட்டுக்குத் தமிழுக்குத் தாவிவிடுவார். யுன் அதையும் ஆங்கிலம் என்றே எடுத்துக்கொள்வார்.

"மிஸ்டர் யுன், எங்கட அக்கான்ர மகளுக்குக் கலியாணம். அத்தான் பல் டொக்டர், பெரிய ஆள். படம் எடுக்க ஒராள் வேணுமாம். நான் உம்மட பேரைச் சொல்லிப்போட்டன்."

"பிலிம் யார் வாங்குவார்?"

"அத்தான்தான். நல்லா எடுத்தா உமக்கும் ஒரு கொப்பி போட்டுத் தருவார். நீர் அதைக் கொண்டுபோய் உந்தச் சிவப்பு டைக்காரன்ர மேசையில டப்பெண்டு போடும்!"

யுன் அன்று மாலைவரை கதவுகளைத் தலைகீழாக மாட்டினார்.

கல்யாணம் சிட்னியின் ஹோம்புஷ் பகுதியில், ஒரு சாரணர் மண்டபத்தில் நடந்தது. சுவரில் மகாராணியின் படமும், விதவிதமான கயிற்று முடிச்சுகள் பொருத்திய பலகையும் தொங்கின. மூலையில் தண்ணீர் கொதிக்க ஒரு பெரிய தகரக் கொதிகலன். யுன்னுக்கு இவையெல்லாம் கண்ணில் விழுந்த தூசி மாதிரி உறுத்தின. மகாராணி தெரியாமல், முடிச்சு தெரியாமல், கொதிகலன் தெரியாமல் கோணம் பார்த்துப் பார்த்து வைத்தார். பிறகு நெருப்பு எரியத் தொடங்கியது. ஐயராக இருந்தவர் சேஷாத்ரி. வார நாட்களில் எஞ்சினியர், சனி ஞாயிறுகளில் புரோகிதர். அவர் நெய் விட்டதும் எழுந்த புகையில் ஜன்னல் வெளிச்சம் சாய்வாக விழுந்தது. யுன் தன்னை மறந்தார். மணப்பெண் யோகாவின் மருதாணிக் கை, கூறைச்சேலையின் சரிகை, மாப்பிள்ளை சிறிதரனின் தலைப்பாகை ஓரத்தில் ஒரு வியர்வைத் துளி. சுங்முரோவில் இருபது ஆண்டுகளாக எவரும் எடுக்க விடாத படத்தை அவர் எடுத்துக்கொண்டிருந்தார்.

தாலி கட்டியானதும் அறுகரிசி போடத் தொடங்கினார்கள். வந்திருந்தவர்கள் கணவன் மனைவியாக ஒவ்வொரு சோடியாய் வந்து, மணமக்களின் முழங்காலிலும் தோளிலும் தலையிலும் அறுகம்புல்லும் அரிசியும் இட்டு வாழ்த்த வேண்டும். ஒரு சோடி வந்தது. இரண்டாவது சோடி வந்து அதையே செய்தது. மூன்றாவதும் அதையே. யுன் எட்டிப் பார்த்தார். வரிசை வாசல்வரை நின்றது. எல்லோரும் செய்யப்போவது அதே காரியம். பிலிமோ முடியப்போகிறது. பத்துச் சிப்பாய்கள் ஞாபகம் வந்தது. வரிசையில் லட்சணமான ஒரு சோடியைத் தேர்ந்தெடுத்தார். கணவருக்குக் காதோரம் வெள்ளி நரை. மனைவியின் மூக்குத்தியில் தீ ஆடியது. அவர்களை மட்டும் எடுத்துவிட்டு நிறுத்தினார்.

அங்கேதான் பிசகியது.

படத்தைப் பெண்ணின் தந்தை தேவராஜா வீட்டுக் கார் கொட்டிலில், வெள்ளை வேட்டியைக் கட்டித் திரையிட்டார்கள். வாழ்த்த வந்த குடும்பங்கள் எல்லாம் உட்காரக் கதிரைகளோடு வந்திருந்தன. முதல் நிமிடம் கையும் புகையும் வந்தன.

"நல்ல நெருப்பு" என்றது ஒரு குரல்.

இன்னும் கையும் புகையும் வந்தன.

"ஆக்கள் எப்ப வருவினம்?"

திரை நிறைய ஒரு வட்டம் எழுந்தது. பின்னாலிருந்து ஒளி விழுந்து, ஓரமெல்லாம் பொன்னாக மின்னியது.

"உது என்ன, சூரியன் உதிக்குதோ?"

"இல்லை, அத்தான்ர மொட்டை" என்றார் சச்சி. கொட்டில் சிரித்தது. தேவராஜாவும் பெருந்தன்மையாகச் சிரித்தார். அந்தச் சிரிப்பு பாதியில் நின்றது. ஏனென்றால் அடுத்ததாக, முழுமுகமாக, மூக்கும் முழியும் தெளிவாக, மனைவியோடு அறுகரிசி போட்டபடி திரையில் நின்றவர் கல்யாணசுந்தரம்.

தமிழ்ச் சங்கத் தலைவர் தேர்தலில் போன வருடம் தேவராஜாவைத் தோற்கடித்தவர் கல்யாணசுந்தரம். அழைக்காவிட்டால் தோல்வியை ஒப்புக்கொண்டதாகிவிடும் என்றுதான் தேவராஜா அவரை அழைத்திருந்தார். வராவிட்டால் பயந்ததாகிவிடும் என்றுதான் கல்யாணசுந்தரமும் வந்திருந்தார். வேறு எந்த விருந்தினரின் முகமும் இல்லாமல் படம் முடிந்தது.

"கலியாணம் ஆருடைய வீட்டில நடந்தது?" என்று தேவராஜா கேட்டார்.

அவர் மனைவி நாகேஸ்வரி எழுந்தாள். "இதை ஊருக்கு அனுப்பினா அங்க என்ன சொல்லுவினம்? சிட்னியில கலியாணத்துக்கு ஐயரும் நெருப்பும் உந்தக் கல்யாணசுந்தரமும்தான் வந்தவை எண்டோ? வந்த சனம் எங்க? டேய் சச்சி, உன்ர ஆளிட்டக் கேள்!"

சச்சி கேட்டார். யுன் விளக்கினார்: எல்லோரும் ஒன்றையே செய்தார்கள், ஒரு சோடி போதும், மற்றதைப் பார்ப்பவர்கள் ஊகித்துக்கொள்வார்கள்.

"என்னவாம்?" என்றாள் நாகேஸ்வரி.

"எங்களை ஊகிக்கட்டாம், அக்கா."

கல்யாணப் படம் என்றால் யார் யார் வந்தார்கள் என்பதற்கான சாட்சி என்று அப்போதுதான் யுன்னுக்கு உறைத்தது. பெண்ணும் மாப்பிள்ளையும் அதில் சாட்சிக்கையெழுத்துப் போடும் அதிகாரிகள் மாதிரி நடுவில் இருந்தால் போதும்.

தேவராஜா படச்சுருளைப் பெட்டியில் வைத்து மூடினார். பிலிம் அவர் வாங்கியது. வந்த முகங்கள் அனைத்தும் உள்ள படம் கைக்கு வரும்வரை யுன்னுக்குக் கொப்பியும் கிடையாது, ஒன்றும் கிடையாது என்றார். மேசைக்குப் பின்னால் சிவப்பு டைக்காரரும், அவருக்கு அப்பால் சியோல் விமான நிலையத்தில் பெட்டியோடு நிற்கும் மியோங்-ஜாவும் யுன்னின் கண் முன்னால் தெரிந்தார்கள்.

"திரும்ப எடுப்போம். அறுகரிசியை மட்டும்" என்றார்.

"பொம்பிளையும் மாப்பிள்ளையும் மெல்பேர்னுக்குப் போட்டினம். ஸ்பிரிங்வேல் பக்கம் வீடு எடுத்தாச்சு. இனி டிசம்பர் நத்தாருக்குத்தான் வருவினம்" என்றார் சச்சி.

"முதுகு போதும். பின்னாலிருந்து எடுத்தால், வாழ்த்துபவர்களின் முகம்தான் தெரியும்."

இது தேவராஜாவுக்குப் பிடித்திருந்தது. தன் மகள் முகம் தெரியாத கல்யாணப் படத்தில் ஒரு குறையும் அவருக்குத் தெரியவில்லை. கல்யாணசுந்தரத்துக்குச் சொல்லி அனுப்பக் கூடாது என்பது மட்டும் நிபந்தனை.

சிறிதரன் அகன்ற தோள்காரன். மாப்பிள்ளையாக உட்காரச் சச்சியைப் பார்த்தார்கள். அவர் ஒல்லி; பக்கத்தில் பெண்ணின் கூறையே அவரை மறைத்துவிடும்போல் இருந்தது. மற்றவர்கள் எல்லோரும் மனைவியோடு வரிசையில் நிற்க வேண்டியவர்கள். மிஞ்சியது யுன்னின் தோள். பெண்ணாக உட்காரத்தான் ஆள் இல்லை. வேற்று ஆணோடு, அதுவும் ஒரு கொரியனோடு, முதுகளவில் என்றாலும் மணவறையில் எவள் உட்காருவாள்? கடைசியில் நாகேஸ்வரி, தான் சட்டை தைத்து மாட்டிப் பார்க்கும் துணிப்பொம்மையைத் தூக்கிவந்து கூறையைச் சுற்றினாள். பொம்மைக்குக் கழுத்தோடு சரி, தலை கிடையாது. ஒரு பூசணிக்காயை வைத்து, அதன்மேல் கொண்டையும் பூவும் சூட்டினாள். பின்னாலிருந்து பார்த்தபோது சச்சிக்குக் கண் கலங்கியது.

"யோகாவேதான், அக்கா."

மறுபடியும் சாரணர் மண்டபம். சேஷாத்ரியை அழைத்துவந்து உட்கார்த்தினார்கள். அவர் பூசணிக்காயையும் யுன்னையும் மாறிமாறிப் பார்த்தார்.

"இதோ பாருங்க சார், கல்யாணம் ஒரு தடவை பண்ணி வச்சாச்சு. இதுக்கெல்லாம் நான் மந்திரம் சொல்ல மாட்டேன். வேணும்னா வாயை மட்டும் அசைக்கிறேன். படத்துல சத்தம் கிடையாதுல்ல?"

"இல்லை, ஐயர். ஆனா நல்லா அசையுங்கோ" என்றார் தேவராஜா.

விருந்தினர்கள் முதல் தடவை உடுத்தியதையே உடுத்தி வர வேண்டும் என்று யுன் கெஞ்சியிருந்தார். ஒருத்தியும் கேட்கவில்லை. ஊருக்குப் போகும் படம் என்று தெரிந்ததும் அலமாரியில் இருந்ததிலேயே நல்ல பட்டு எல்லாம் வெளியே வந்திருந்தது.

யுன் வேட்டி கட்டினார், தலைப்பாகை வைத்தார். கேமராவை முக்காலியில் நிறுத்தி, வெளிச்சம் அளந்து, சச்சியின் விரலைப் பிடித்துப் பொத்தானில் வைத்தார். "அமுக்கு. வேறு எதையும் தொடாதே. எதையும்." பிறகு போய்ப் பூசணிக்காயின் பக்கத்தில் முதுகைக் காட்டி உட்கார்ந்தார்.

வாசலில் முதல் ஆளாக வந்து நின்றார் கல்யாணசுந்தரம், மனைவியோடு. யார் சொன்னார்கள் என்று தெரியவில்லை. ஹோம்புஷில் சொல்லாமல் விடப்பட்ட செய்திதான் முதலில் போய்ச் சேரும். தேவராஜா தடுக்கப் பாய்ந்தார். ஆனால் கேமரா ஓடத் தொடங்கிவிட்டது. ஓடும் கேமராவுக்கு முன்னால் ஒரு மனிதர் செய்யக்கூடியது ஒன்றுதான். தேவராஜா கைகளைக் கூப்பி, "வாங்கோ, வாங்கோ" என்று புன்னகைத்தார்.

வரிசை நகர்ந்தது. யுன்னின் முழங்காலிலும் தோளிலும் தலையிலும் அரிசி விழுந்துகொண்டே இருந்தது. விளையாட்டுக்கு என்று வந்தவர்கள்கூட, குனிந்து அறுகம்புல்லை வைக்கும்போது முகம் மாறி, உண்மையாகவே வாழ்த்தினார்கள். ஒரு அம்மாள், "பிள்ளை குட்டியோட நல்லாயிருங்கோ" என்று பூசணிக்காயின் கன்னத்தைத் தொட்டு முத்தம் கொடுத்தாள். வெகுநாளாக யாரும் தன்னை நல்லாயிரு என்று சொல்லாததால் யுன் தலையை இன்னும் கொஞ்சம் குனிந்து கொடுத்தார். சுங்முரோவின் முதுகுகளுக்கு இப்படி நேர்ந்ததாக அவர் கேள்விப்பட்டதில்லை.

அவர் திரும்பிப் பார்க்க முடியாது. பார்த்திருந்தால், சச்சி கேமராவை முக்காலியிலிருந்து கழற்றிக் கையில் தூக்கிக்கொண்டு அலைவது தெரிந்திருக்கும்.

இரண்டாவது சுருள் கழுவி வந்த அன்று காலைதான் சிவப்பு டைக்காரர் நேரம் கொடுத்திருந்தார். புதுச்சுருளுக்கு ஈடாகத் தேவராஜா பழைய சுருளைக் கொடுத்துவிட்டிருந்தார். தன்னிடம் ஒரு கொப்பி இருக்கிறது, இனி அதை யுன் வைத்திருந்தாலும் சரி, எறிந்தாலும் சரி என்றார். யுன் இரண்டு டப்பாக்களோடும் போனார். ஒன்றைக் காட்ட, மற்றதைப் பிறகு சச்சியிடம் கொடுக்க.

முதல் சுருள் ஓடி முடிந்தது. சிவப்பு டைக்காரர் தலையாட்டினார்.

"அழகு. மிக அழகு. எங்கே எடுத்தது, இந்தியாவா?"

"ஹோம்புஷ்."

"அப்படித் தெரியவில்லையே. இதை எப்படி உள்ளூர் அனுபவம் என்று எடுத்துக்கொள்வது?" அவர் எழுந்தார். எழும்போது அடுத்த டப்பாவைப் பார்த்தார். "அது என்ன?"

யுன் சொல்வதற்குள் படம்போடுபவன் அதை மாட்டிவிட்டான். இரண்டு முதுகுகள். கல்யாணசுந்தரம். உடனே மண்டபம் ஒருபக்கமாகச் சாய்ந்தது. மகாராணி பாதி வந்தார். கொதிகலன் வந்தது, அதிலிருந்து தேநீர் பிடித்துக்கொண்டே அறுகரிசி வரிசையில் நகரும் ஒருவர் வந்தார். மேசைக்கடியில் குழந்தைகள், கயிற்று முடிச்சுப் பலகை, சத்தமில்லாமல் வாயை அசைக்கும் சேஷாத்ரி, கல்யாணசுந்தரத்தின் காலை மிதித்துவிட்டு மன்னிப்புக் கேட்கும் தேவராஜா. யுன் கண்களை மூடிக்கொண்டார்.

சிரிப்புச் சத்தம் கேட்டுத் திறந்தார். சிவப்பு டைக்காரர் அடுத்த அறையிலிருந்தவர்களைக் கூப்பிட்டுக்கொண்டிருந்தார்.

"இதைப் பாருங்கள்! இதுதான் இந்த நாடு! அந்த மண்டபத்துக்குத்தான் என் மகன் சாரணனாகப் போகிறான். என்ன இயல்பு, என்ன துணிச்சல்! யார் எடுத்தது இதை?"

யுன் யோசித்தார். சியோலில் அவர் எடுத்த முப்பதுக்கும் மேற்பட்ட படங்களில் முதலாளியின் மருமகன் பெயர் கூச்சமில்லாமல் உட்கார்ந்திருந்ததை நினைத்தார்.

"நான்தான்" என்றார்.

திங்கட்கிழமை வேலைக்கு வரச் சொன்னார்கள். ஆட்டுச் சந்தை, கார் விற்பனை, நாய்களுக்கான அழகுப்போட்டி. ஒரே நிபந்தனை: அந்த இரண்டாவது சுருள் மாதிரியே எடுக்க வேண்டும். முதல் வாரம் யுன் எவ்வளவு முயன்றும் அவர் கை ஆடவில்லை. ஆடுகள் ஓவியம்போல் நின்றன. சிவப்பு டைக்காரர் முகம் சுளித்தார். ஞாயிற்றுக்கிழமை யுன், கேமராவைத் தூக்கிக்கொண்டு சச்சி வீட்டுக்குப் போனார்.

"நீர் ஏன் அதைப் பாத்துப் பாத்து எடுக்கிறீர்? வேற பக்கம் பாத்துக்கொண்டு எடும். சாப்பாடு எங்க இருக்குதெண்டு தேடுற மாதிரி எடும்" என்று சச்சி கற்றுக்கொடுத்தார். அன்று முதல் எந்தக் கல்யாண வீட்டிலும் யுன்னின் குரு தான்தான் என்று சொல்லும் உரிமை அவருக்கு வந்தது. பொய்யென்றும் சொல்ல முடியவில்லை.

அடுத்த ஆண்டு மியோங்-ஜா வந்து இறங்கியபோது, யுன் உண்மையாகவே சினிமாக் கேமராவோடு விமான நிலையத்தில் நின்றார். அவரை இந்த நிலைக்கு உயர்த்திய படத்தை அவளுக்குக் காட்ட வேண்டும் என்று தேவராஜா வீட்டில் விருந்து வைத்தார்கள். கார் கொட்டில், வேட்டித் திரை, அதே கதிரைகள். சிட்னித் தமிழர்கள் அனைவரும் அந்த இரண்டு முதுகுகளில் சிறிதரனையும் யோகாவையும் பார்த்தார்கள். படம் போய்ச் சேர்ந்த ஊரான யாழ்ப்பாணத்திலும் அப்படியே பார்த்திருந்தார்கள். மாப்பிள்ளை கொஞ்சம் உடம்பு வைத்துவிட்டார் என்று ஒரு கடிதம் மட்டும் வந்திருந்தது.

மியோங்-ஜா முன்னால் சாய்ந்தாள். கணவர் பக்கம் மெதுவாகத் திரும்பினாள். கொரிய மொழியில் அவள் கேட்டது குரலின் வெப்பத்திலேயே எல்லோருக்கும் விளங்கியது.

"இது உங்கள் முதுகு. பக்கத்தில் யார் அவள்?"

யுன் பொம்மை என்றார். அவள் நம்பவில்லை, இத்தனை பேர் வந்து வாழ்த்துவது ஒரு பொம்மையையா? சச்சி அக்காவைப் பார்த்தார். நாகேஸ்வரி உள்ளே போய், துணிப்பொம்மையை இடுப்பில் தூக்கிவந்து கொட்டிலின் நடுவே வைத்தாள். மியோங்-ஜா அதைச் சுற்றிவந்து பார்த்தாள். தோளும் இடையும் படத்தில் இருந்தவைதான். பிறகு கழுத்துக்கு மேலே கையைக் காட்டி ஏதோ கேட்டாள்.

"என்னவாம்?" என்றாள் நாகேஸ்வரி.

"தலை எங்கே என்கிறாள்" என்றார் யுன்.

"தலையோ? அதை அண்டைக்கே கறி வச்சாச்சு. நீங்களும் ரெண்டாந்தரம் வாங்கிச் சாப்பிட்டனீங்கள்."

மனைவி பதிலுக்காகக் காத்திருந்தாள். யுன் இதைக் கொரிய மொழியில் எந்தப் பக்கத்திலிருந்து ஆரம்பிப்பது என்று யோசித்துக்கொண்டு நின்றார்.